டியன்னா டர்பின்: ஆறு படங்களில் வளரும் ஒரு பெண்

யூனிவர்சல் பட நிறுவனம் 2004இல் வெளியிட்ட 'டியன்னா டர்பின் ஸ்வீட்ஹார்ட் பேக்' என்ற டிவிடி தொகுப்பில், ஹாலிவுட்டின் பாடும் நடிகை டியன்னா டர்பின் நடித்து 1936 முதல் 1947 வரை வெளியான ஆறு படங்கள் உள்ளன. வாங்குவோர் அவற்றை வெளியான ஆண்டு வரிசையிலேயே பார்க்க வேண்டும் என்று கேட்டுக்கொள்வேன். தனித்தனியாகப் பார்த்தால் இவை இனிய பாட்டுப் படங்கள். வரிசையாகப் பார்க்கும்போதுதான், பதினான்கு வயதில் கேமரா முன் வந்து நின்ற சிறுமி வளர்ந்து ஆளாவதும், அவரை அந்தச் சிறுமியாகவே வைத்திருக்க ஸ்டூடியோ எடுத்துக்கொண்ட முயற்சியும் கண்ணுக்குத் தெரிகின்றன.

டர்பின் கனடாவின் வின்னிபெக்கில் 1921இல் பிறந்து கலிபோர்னியாவில் வளர்ந்தவர். ஜூடி கார்லண்டுடன் ஒரு குறும்படத்தில் நடிக்க வைத்த எம்.ஜி.எம். ஸ்டூடியோ அவரைக் கைவிட, பணமுடையில் தத்தளித்துக்கொண்டிருந்த யூனிவர்சல் சேர்த்துக்கொண்டது. அங்கே அவருடைய முதல் படமான 'த்ரீ ஸ்மார்ட் கேர்ள்ஸ்' பெற்ற வெற்றி அந்த நிறுவனத்தையே தூக்கி நிறுத்தியதாகச் சொல்வார்கள். அதில் ஒரு காட்சியை நான் திரும்பத் திரும்பப் பார்த்திருக்கிறேன். காவல் நிலையத்தில் காவலர்கள் சூழ்ந்திருக்க, மூன்று சகோதரிகளில் கடைக்குட்டியான பென்னி, இத்தாலிய இசையமைப்பாளர் அர்திதியின் 'இல் பாச்சோ' பாட்டைப் பாடுகிறாள். முகத்தில் குழந்தைமை மாறவில்லை, குரலோ பல ஆண்டு சாதகம் செய்த பாடகியின் குரல். உச்ச ஸ்தாயிக்குப் போகும்போதும் கழுத்து இறுகுவதில்லை, கண்ணில் சிரிப்பு குறைவதில்லை. நம் சத்யஜித் ராய் இளம் வயதில் இவருக்கு ரசிகர் கடிதம் எழுதிப் பதிலும் பெற்றவர் என்பதில் எனக்கு வியப்பே இல்லை.

1939இல் வந்த 'ஃபர்ஸ்ட் லவ்' சிண்ட்ரெல்லா கதைதான். ஆனால் அதில் ராபர்ட் ஸ்டாக் அவருக்குக் கொடுத்த முத்தம், திரையில் அவர் பெற்ற முதல் முத்தம் என்பதற்காகவே பத்திரிகைச் செய்தியானது. ஒரு பெண் வளர்வதே செய்தியாகும் அளவுக்கு நாடு அவரைக் குழந்தையாகப் பார்த்துப் பழகியிருந்தது.

தொகுப்பில் ஒரே ஒரு படம்தான் பார்க்க முடியும் என்றால் 1941இன் 'இட் ஸ்டார்டட் வித் ஈவ்' படத்தைத்தான் சொல்வேன். சாகக்கிடக்கும் தந்தை வருங்கால மருமகளைப் பார்க்க ஆசைப்படுகிறார். அவசரத்துக்கு, விருந்தினர் கழற்றித் தரும் தொப்பிகளைப் பாதுகாத்து வைக்கும் வேலை செய்யும் ஒரு பெண்ணை மகன் அழைத்து வருகிறான். கிழவரோ பிழைத்து எழுந்துவிடுகிறார். கிழவராக நடித்திருப்பவர் சார்லஸ் லாட்டன். இரவு விடுதியில் இருவரும் சேர்ந்து கோங்கா ஆடும்போது, அத்தனை பெரிய நடிகருக்கு எதிரே பத்தொன்பது வயதுப் பெண் சற்றும் பின்வாங்காமல் ஈடுகொடுக்கிறார். இயக்குநர் ஹென்றி காஸ்டர் முதல் படத்திலிருந்தே அவரை அறிந்தவர் என்பதால், பாட்டுக்காகக் கதையை நிறுத்தி வைக்காமல் கதையோடு பாட்டை ஓடவிடுகிறார்.

'கான்ட் ஹெல்ப் சிங்கிங்' அவர் நடித்த ஒரே வண்ணப்படம். ஜெரோம் கெர்னின் இசைக்காகப் பார்க்கலாம். 1947இன் 'சம்திங் இன் தி விண்ட்' சோர்வான படம். இடையே 1945இல் வந்த 'லேடி ஆன் எ ட்ரெயின்' துப்பறியும் கதை. ரயில் ஜன்னல் வழியே கொலையைக் கண்ட பெண், தொலைபேசியில் தந்தைக்கு 'சைலண்ட் நைட்' பாடும் இடத்தில் குரலைத் தாலாட்டுப் போலத் தாழ்த்திக்கொள்கிறார். அந்தப் படத்தை இயக்கிய சார்லஸ் டேவிட்டையே 1950இல் மணந்துகொண்டு, பாரிஸுக்கு அருகே ஒரு சிற்றூரில் குடியேறினார். அமெரிக்காவில் மிக அதிகச் சம்பளம் வாங்கிய பெண்களில் ஒருவராக இருந்தவர், முப்பது வயதுக்கு முன்பே நடிப்பை விட்டார். 2013இல் இறக்கும்வரை திரைக்குத் திரும்பவில்லை. இதைத் தோல்வி என்று எழுதுவோரோடு எனக்கு உடன்பாடில்லை.

தொகுப்பின் பெருங்குறை, 1944இல் ராபர்ட் சியோட்மாக் இயக்கிய 'கிறிஸ்மஸ் ஹாலிடே' இதில் சேர்க்கப்படாதது. செல்லப்பெண் வேடத்தை உதறி, கொலைகாரனின் மனைவியாக அவர் நடித்த இருண்ட படம் அது. அதை விட்டுவிட்டு 'ஸ்வீட்ஹார்ட்' என்று பெயரும் வைத்திருப்பதால், அவர் விட்டு விலகிய பிம்பத்தையே தொகுப்பு மறுபடியும் அவர்மேல் சாத்துகிறது. இசைக்குழு நடத்துநர் ஸ்டோகோவ்ஸ்கியுடன் அவர் நடித்த 1937ஆம் ஆண்டுப் படமான 'ஒன் ஹண்ட்ரட் மென் அண்ட் எ கேர்ள்' படமும் இதில் இல்லை. இவ்விரண்டையும் தனியாகத் தேடி வாங்கி, வரிசையில் உரிய இடங்களில் செருகிப் பாருங்கள்.