பற்று விழுந்தது, வரவு ஏறவில்லை

சென்ற வாரம் முத்தியால்பேட்டையிலிருந்து நண்பர் ஒருவர் தொலைபேசியில் அழைத்து, நான் இரண்டாண்டுகளுக்கும் மேலாக விளையாடிவரும் இணைய விளையாட்டின் விலை பாதியாகக் குறைந்திருக்கிறதே, வாங்கலாமா என்று கேட்டார். ஒரே சொல்லில் முடிந்திருக்க வேண்டிய பதில் நாற்பது நிமிடம் நீண்டது. அவரை வீட்டில் சாப்பிடக் கூப்பிட்டுவிட்டதால் பாதியில் நின்றது. மீதியை எழுதிவிடலாம் என்று உட்கார்ந்திருக்கிறேன். விளையாட்டின் பெயரை இங்கே எழுதப்போவதில்லை. அதை விளையாடுகிறவர்களுக்குப் ‘பன்னிரண்டு விளக்கு’ என்றாலே புரிந்துவிடும், மற்றவர்களுக்குப் பெயர் தெரிந்து ஆகப்போவது ஒன்றுமில்லை.

படத்தரம், சண்டை முறை, என்ன கணினி வேண்டும் என்பதெல்லாம் எங்கும் கிடைக்கிற தகவல்கள். நான் சொல்ல விரும்பும் சிறப்பு ஒன்றுதான். அந்த விளையாட்டில் கடல் ஒழுங்காக இருக்கிறது. கடலூர்த் துறைமுகத்துப் பக்கம் வளர்ந்தவன் என்பதால் திரையில் காட்டப்படும் கடல்களை நான் எளிதில் நம்புவதில்லை. பெரும்பாலான விளையாட்டுகளில் அது நீல நிறத் துணியை உதறியதுபோல் இருக்கும். இதிலோ ஆறு கடலில் கலக்கும் இடத்தில் கலங்கல் நீரும் தெளிந்த நீரும் சிறிது தூரம் ஒட்டாமல் பக்கத்தில் பக்கத்தில் ஓடுகின்றன. நீர் வற்றும் நேரத்தில் முகத்துவாரத்தில் மணல்திட்டு தலைகாட்டுகிறது, அப்போது படகை உள்ளே கொண்டுவர முடியாது, காத்திருக்க வேண்டும். இதை வரைந்தவர் யாராக இருந்தாலும் ஒரு முறையாவது கரையில் நின்று மணிக்கணக்காகப் பார்த்திருக்கிறார்.

அந்தத் துறைமுகத்தில்தான் பன்னிரண்டு விளக்குக் குவெஸ்ட், அதாவது விளையாட்டு நம்மிடம் ஒப்படைக்கும் பணி, நடக்கிறது. கலங்கரை விளக்கத்தின் காவலரான கிழவருக்குப் பார்வை மங்கிவிட்டது. அவரை மீன்சந்தையிலிருந்து மேட்டின் உச்சி வரைக்கும் கைத்தாங்கலாக அழைத்துச் சென்று, வழியிலுள்ள பன்னிரண்டு தெருவிளக்குகளையும் நம் பையிலுள்ள எண்ணெயை ஊற்றி ஏற்ற வேண்டும். பன்னிரண்டும் எரிந்ததும் கிழவர் மேலே ஏறிப் பெரிய விளக்கை ஏற்றுவார், அதைப் பார்த்துக் கப்பல் கரைக்கு வரும், அந்தக் கப்பலில் ஏறினால்தான் கதையின் அடுத்த நாடு. ஒவ்வொரு விளக்கடியிலும் கிழவர் நின்று மூச்சு வாங்கிக்கொண்டு எதையாவது சொல்வார். எட்டாவது விளக்கடியில், திரும்பி வராத தன் மகனின் படகைப் பற்றி அவர் சொல்லத் தொடங்கியபோது நான் விசைப்பலகையிலிருந்து கையை எடுத்துவிட்டேன். எழுத்து அவ்வளவு நன்றாக இருந்தது. என் கோபத்தின் அளவைப் புரிந்துகொள்ள இதையும் கணக்கில் சேர்த்துக்கொள்ள வேண்டும்.

நான் எட்டாவது விளக்கை ஏற்றியது 2024 நவம்பர் 30ஆம் தேதி மாலை. அன்று இரவுதான் ஃபெஞ்சல் புயல் புதுச்சேரிக்கு அருகே கரையைக் கடந்தது. புயல் நாளில் விளையாட்டா என்று கேட்பவர்களுக்கு என்னிடம் மரியாதையான பதில் இல்லை. சன்னல்களைச் சாத்தி, தண்ணீர் பிடித்து வைத்து, மெழுகுவத்தியைத் தேடி எடுத்து வைத்தபின் செய்வதற்கு ஒன்றும் மிஞ்சவில்லை. மின்சாரம் போயிருந்தது. மடிக்கணினியும் மோடமும் இன்வெர்ட்டரில் ஓடின. வீட்டுக்குள் எல்லாம் சரியாகத்தான் இருந்தது, தெருமுனைக் கம்பத்தில் இருக்கும் இணைய இணைப்புப் பெட்டிக்கு மட்டும் இன்வெர்ட்டர் கிடையாது. கிழவரை அழைத்துக்கொண்டு, எட்டாவது விளக்கைத் தாண்டியதும் வரும் பாலத்தில் கால் வைத்தேன். திரை அப்படியே உறைந்தது.

அதன் பிறகு நான்கு நாட்கள் இணையம் இல்லை. அந்த நாட்களில் தென்பெண்ணை பெருகிக் கடலூரின் கரையோரப் பகுதிகளில் வீடுகளுக்குள் புகுந்தது. எனக்குத் தெரிந்தவர்கள் சிலர் கட்டிலை செங்கல் மேல் ஏற்றிவைத்து அதன்மேல் அரிசி மூட்டையை வைத்துக் காத்துக்கொண்டிருந்தார்கள். அதை நினைக்கும்போது ஒரு விளக்குக்காக இத்தனை பக்கம் எழுதுவது எனக்கே கூச்சமாக இருக்கிறது. கூச்சம் ஒரு பக்கம் இருக்கட்டும்.

ஐந்தாம் நாள் மீண்டும் உள்ளே நுழைந்தேன். எட்டாவது விளக்கு எரிந்துகொண்டிருந்தது. நிம்மதியுடன் மீதி நான்கையும் ஏற்றி மேட்டின் உச்சிக்குப் போனேன். திரையின் ஓரத்தில் ‘11/12’ என்று இருந்தது. திரும்பி நடந்து ஒவ்வொன்றாக எண்ணினேன். பன்னிரண்டும் எரிந்தன. எரிகிற விளக்கை மறுபடி ஏற்ற முடியாது. பையில் எண்ணெயும் இல்லை, பன்னிரண்டு குப்பியும் தீர்ந்திருந்தன. கிழவர் உச்சியில், கதவுக்கு முன்னால் மூன்று அடி நடக்கிறார், திரும்புகிறார், கைவிளக்கைத் தூக்கிப் பார்த்து, “இன்னும் ஒன்று இருக்கிறது, தம்பி” என்கிறார். மறுபடி மூன்று அடி நடக்கிறார். இப்படியே பதின்மூன்று மாதமாக நடக்கிறார்.

நான் இருபதாண்டுகளாக வங்கிக் கிளை ஒன்றில் கணக்கு நேர்செய்யும் மேசையில் உட்கார்ந்திருப்பவன். எனவே இது எப்படி நடந்திருக்கும் என்று ஊகிக்க எனக்கு நெடுநேரம் ஆகவில்லை. விளக்கை ஏற்றுவது பார்ப்பதற்கு ஒரே செயல்போல் இருந்தாலும் சர்வரில் அது மூன்று பதிவுகள்: பையிலிருந்து எண்ணெயைக் கழி, விளக்கை ‘எரிகிறது’ என்று குறி, எண்ணிக்கையில் ஒன்றைக் கூட்டு. இவை மூன்றும் சேர்ந்து நடக்க வேண்டும், இல்லையேல் மூன்றுமே நடக்காமல் இருக்க வேண்டும். தரவுத்தளம் கையாளும் எவருக்கும் முதல் வாரத்தில் சொல்லித்தரப்படும் பாடம் இது. இங்கே முதல் இரண்டும் நடந்து மூன்றாவது விடுபட்டிருக்கிறது. பாலம் வரைபடத்தின் இரண்டு பகுதிகளுக்கு எல்லை. அந்தப் பக்கம் போகும்போது நம் பாத்திரத்தை ஒரு சர்வர் மற்றொரு சர்வரிடம் ஒப்படைக்கிறது. சரியாக அந்த ஒப்படைப்பின் நடுவில் இணைப்பு அறுந்தால் எண்ணிக்கை வழியிலேயே தொலைந்துவிடுகிறது. உள்ளே பார்த்துச் சொல்லவில்லை, தடயத்தை வைத்துச் சொல்கிறேன். ஆனால் இதே இடத்தில் மாட்டிக்கொண்டவர்களில் நான் பேசிய அத்தனை பேரும் எட்டாவது விளக்குக்கும் பாலத்துக்கும் நடுவில்தான் இணைப்பை இழந்திருக்கிறார்கள்.

ஏடிஎம்மில் பணம் வராமல் கணக்கில் மட்டும் கழிந்துபோவதும் இதே நோய்தான். பற்று விழுந்துவிட்டது, கைக்கு ஒன்றும் வரவில்லை. அது நேரக்கூடாது என்று எந்த வங்கியும் உறுதி தர முடியாது, கம்பி என்றால் அறுந்துதான் போகும். அதனால்தான் ரிசர்வ் வங்கி 2019இல் ஒரு விதி வகுத்தது: கழிந்த பணத்தை ஐந்து நாட்களுக்குள் தானாகவே திருப்பி வைக்க வேண்டும், தவறினால் அதற்குப் பிறகு ஒவ்வொரு நாளுக்கும் 100 ரூபாய் இழப்பீடு. பிழையைத் தடுக்கச் சொல்லவில்லை, கணக்கை நேர்செய்யச் சொல்கிறது. எரியும் விளக்குகளை ஒரு முறை எண்ணிப் பார்த்து, எண்ணிக்கையோடு ஒத்துப் பார்க்கும் சிறிய வேலை ஒன்று நாள்தோறும் சர்வரில் ஓடினால் என் கிழவர் மறுநாளே படியேறியிருப்பார்.

நியாயமாகப் பார்த்தால் தயாரிப்பாளர்கள் பக்கமும் கொஞ்சம் சொல்ல இருக்கிறது. அறுபடாத இணைப்புள்ள அலுவலகத்தில் உட்கார்ந்து சோதிப்பவர்களுக்கு இந்தப் பிழை ஆயிரம் முறை விளையாடினாலும் அகப்படாது. சில நொடிகளே திறந்திருக்கும் சன்னல் அது. அதில் சரியாக மூக்கை நுழைக்க ஒரு புயல் தேவைப்பட்டது. ஆயிரக்கணக்கானோர் ஒரே நேரத்தில் புழங்கும் உலகத்தில் எல்லாக் கோளாறுகளையும் முன்கூட்டிக் காண முடியாது என்பதும் உண்மை. 2005 செப்டம்பரில் ‘வேர்ல்டு ஆஃப் வார்கிராஃப்ட்’ விளையாட்டில், ஹக்கார் என்ற அரக்கனின் குகைக்குள்ளேயே இருக்க வேண்டிய தொற்றுச் சாபம் வீரர்களின் வளர்ப்பு விலங்குகள் வழியாக வெளியேறி நகரங்களைப் பிணக்காடாக்கியது. இறுதியில் சர்வர்களையே மறுதொடக்கம் செய்ய வேண்டியதாயிற்று. 2007இல் ‘லான்செட் இன்ஃபெக்‌ஷியஸ் டிசீசஸ்’ இதழில் கொள்ளைநோய் ஆய்வாளர்கள் அதைப் பற்றிக் கட்டுரையே எழுதினார்கள். பிழை என்றால் அப்படியாவது இருந்திருக்கலாம். எனக்கு வாய்த்தது ஒரு கூட்டல் பிழை.

ஆனால் நியாயம் புகார் மையத்தின் வாசல் வரைக்கும்தான் என்னோடு வந்தது. முதல் பதில் இயந்திரம் எழுதியது: விளையாட்டை நீக்கிவிட்டு மறுபடி நிறுவுங்கள். கோளாறு அவர்களுடைய சர்வரில் இருக்கிறது என்று தெரிந்தும், பதிலுக்கு மரியாதை தர வேண்டுமே என்று 84 ஜிபியை இரண்டு இரவுகள் இறக்கினேன். கிழவர் “இன்னும் ஒன்று இருக்கிறது, தம்பி” என்றார். இரண்டாவது பதிலை மனிதர் எழுதியிருந்தார், அதிலிருந்த ஓர் எழுத்துப்பிழை எனக்கு நம்பிக்கை அளித்தது. தனிப்பட்ட பாத்திரங்களின் முன்னேற்றத்தில் கைவைப்பது மற்ற விளையாட்டாளர்களுக்கு அநீதி என்று அதில் இருந்தது. பன்னிரண்டு விளக்கின் படங்களையும் இணைத்து, நான் கேட்பது சலுகையன்று, கணக்கு நேர்செய்தல் என்று எழுதினேன். ஏழு நாட்களாக என்னிடமிருந்து பதில் இல்லாததால் புகார் முடிக்கப்பட்டது என்று எட்டாம் நாள் அஞ்சல் வந்தது. என் பதில் போன இடம் அந்த எட்டாவது விளக்கின் எண்ணிக்கை போன இடம்தான் போலிருக்கிறது. மூன்றாவது முறை கேட்டபோது, புதிய பாத்திரம் ஒன்றை உருவாக்கி முதலிலிருந்து தொடங்கலாமே என்று ஆலோசனை வந்தது. பக்கக் கதைகளில் ‘கைவிடு’ என்ற பொத்தான் உண்டு. இது முதன்மைக் கதை என்பதால் கைவிடவும் வழியில்லை.

தொடங்கியிருக்கலாம்தான். நாற்பது மணி நேரத்தில் மறுபடி துறைமுகத்துக்கு வந்துவிடலாம். ஆனால் பெட்டிப் பணம் ஒரு ரூபாய் குறைந்தால் கையிலிருந்து போட்டுவிட்டு வீட்டுக்குப் போகிற பழக்கம் எனக்கு ஒருநாளும் இருந்ததில்லை. தவறை ஒப்புக்கொள்வது ஒரு நிறுவனத்தைச் சாய்த்துவிடாது என்பதற்கு முன்னுதாரணமும் உண்டு. 2010இல் வெளிவந்து பெயரைக் கெடுத்துக்கொண்ட ‘ஃபைனல் ஃபேன்டஸி 14’ விளையாட்டை, அதன் தயாரிப்பாளர்கள் 2012இல் மூடிவிட்டு, உலகமே அழிந்ததாகக் கதைக்குள்ளேயே காட்டி, 2013இல் புதிதாகக் கட்டித் தந்தார்கள். நான் உலகத்தை அழிக்கச் சொல்லவில்லை. பதினொன்றைப் பன்னிரண்டாக்கச் சொல்கிறேன்.

இதற்கிடையே எதிர்பாராத ஒன்று நடந்தது. வேறு எங்கும் போக முடியாததால் துறைமுகத்திலேயே இருக்கப் பழகிவிட்டேன். இரவு பத்து மணிக்கு மேல் பாலத்தடியில் நின்றுகொண்டு, கிழவரோடு வரும் புதியவர்களிடம், “எட்டாவதை ஏற்றியதும் ஓடாதீர்கள், இருபது எண்ணிவிட்டுப் பாலத்தில் ஏறுங்கள்” என்று சொல்கிறேன். சிலர் திட்டுகிறார்கள். பலர் நின்று எண்ணுகிறார்கள். என்னைப் போலவே 11/12இல் நிற்கும் பிலிப்பைன்ஸ்காரர் ஒருவர் பாலத்தின் மறுமுனையில் நிற்கிறார். அவருக்கும் சூறாவளியில்தான் மின்சாரம் போயிருக்கிறது. நீர் வற்றும் நேரத்தில் இருவரும் மணல்திட்டில் உட்கார்ந்து தூண்டில் போடுவோம். எங்கள் ஊர் மழையை நானும் அவர் ஊர் மழையை அவரும் தட்டச்சு செய்துகொள்வோம். இந்த இரண்டாண்டுகளில் அந்த விளையாட்டு எனக்குத் தந்தவற்றில் மிக நல்லது இதுதான், ஆனால் இதைத் தயாரிப்பாளர்களின் வரவில் எழுத எனக்குக் கை வரவில்லை.

நண்பருக்கு என் பதில்: வாங்க வேண்டாம். கடல் நன்றாக இருக்கிறது, கதை நன்றாக இருக்கிறது, கிழவரைப் போல ஒரு பாத்திரத்தை வேறெங்கும் நான் கண்டதில்லை. ஐந்துக்கு ஒரு நட்சத்திரம். ஆறு மாதம் முன்பு கேட்டிருந்தால் நான்கு தந்திருப்பேன், அடுத்த பேட்ச்சில், அதாவது அடுத்த திருத்தப் பதிப்பில், சரிசெய்துவிட்டார்கள் என்றால் ஐந்தேகூடத் தந்துவிடுவேன், அந்த நம்பகமற்ற தன்மை எனக்கே தெரிகிறது. “அப்புறம் ஏன்யா தினம் ராத்திரி அங்க போய் நிக்கிற?” என்று அவர் கேட்டார். அந்த இடத்தில்தான் சாப்பாடு ஆறுகிறது என்று அவர் வீட்டில் குரல் கொடுத்தார்கள்.

புதுச்சேரிக் கடற்கரைச் சாலையில் பழைய கலங்கரை விளக்கம் நிற்கிறது. 1836இல் ஏற்றி, 1979இல் ஓய்வு கொடுத்துவிட்டார்கள். எரிய வேண்டிய காலமெல்லாம் எரிந்துவிட்டு அணைந்த விளக்கு அது. அதன் எதிரே நின்று ஐஸ்கிரீம் சாப்பிடும்போதுகூட எனக்கு மேட்டின் உச்சியில் மூன்று அடி நடந்து திரும்பும் கிழவர்தான் நினைவுக்கு வருகிறார். நண்பர் அன்றிரவே வாங்கிவிட்டார் என்று அடுத்த நாள் தெரிந்தது. விலைக்குறைப்பு விளம்பரத்தின் படத்தையும் வாட்ஸ்அப்பில் அனுப்பியிருந்தார். படத்தில் அதே துறைமுகம், அதே மேடு, கரைக்கு வரும் கப்பல். உச்சியில் பெரிய விளக்கு எரிகிறது. நான் அது எரிந்து பார்த்தது அந்தப் படத்தில்தான்.