பேஸ்மேக்கர் வைத்த அம்மாவிடம் மின்காந்த மெத்தை விற்றார்கள்: ஓர் எச்சரிக்கைப் பதிவு

திருநெல்வேலி, பாளையங்கோட்டை வட்டாரத்தில் ‘இலவச முழு உடல் பரிசோதனை முகாம்’ என்று நோட்டீஸ் கொடுத்து வயதானவர்களை அழைக்கிறார்கள். முகாமின் முடிவில் அவர்கள் தலையில் கட்டப்படுவது ஒரு மெத்தை. மின்காந்தத் துடிப்புகளை உடலுக்குள் அனுப்புமாம். ‘பி.இ.எம்.எஃப். சிகிச்சை’ என்கிறார்கள். விலை 1,38,000 ரூபாய். என் அம்மா செயினை அடகு வைத்து அதை வாங்கியிருக்கிறார். அம்மாவுக்கு வயது 69. பல வருடமாகச் சர்க்கரை, இரண்டு முழங்காலிலும் தேய்மானம், இடது காறை எலும்புக்குக் கீழே இதயத் துடிப்பைச் சீராக வைத்திருக்கும் பேஸ்மேக்கர் கருவி. முகாமில் சர்க்கரையைக் கேட்டார்கள், முழங்காலைக் கேட்டார்கள். பேஸ்மேக்கர் இருக்கிறதா என்று ஒருவர்கூடக் கேட்கவில்லை. பணம் போனதைவிட இதுதான் எனக்கு ஆறவில்லை.

அம்மா ஊரில் தனியாக இருக்கிறார். நான் கோயம்புத்தூரில் இருக்கிறேன். விற்றவர் அடுத்த தெருப் பெண். அம்மாவை ‘அத்தை’ என்றும் என்னை ‘மதினி’ என்றும் கூப்பிடுபவர். வெளியாள் ஒருவர் கதவைத் தட்டியிருந்தால் அம்மா திறந்திருக்கவே மாட்டார். இந்த வியாபாரத்துக்கு ஆள் பிடிப்பதே உறவு முறை சொல்லித்தான்.

முகாமில் முதலில் டோக்கன், பிறகு காபி, பிறகு ‘குவாண்டம்’ பரிசோதனை. லேப்டாப்பில் இணைத்த ஒரு உலோகக் கம்பியைக் கையில் பிடித்துக்கொள்ளச் சொல்வார்கள். ஊசி இல்லை, இரத்தம் இல்லை. ஒரே நிமிடத்தில் இதயம், கல்லீரல், சிறுநீரகம், எலும்பு என்று பக்கம் பக்கமாக வண்ணத்தில் அறிக்கை வந்துவிடும். அம்மாவின் அறிக்கையை நான் வரி வரியாகப் படித்தேன். அதில் கருப்பையின் நிலை ‘இயல்பு’ என்று பச்சை நிறத்தில் இருந்தது. அம்மாவுக்குக் கருப்பையை எடுத்து இருபது வருடம் ஆகப் போகிறது.

அந்த அறிக்கையை எடுத்துக்கொண்டு அவர்களுடைய மையத்துக்கே போனேன். கணினி முன்னால் இருந்த பையனிடம், எனக்கும் பார்க்க வேண்டும் என்று பெயர், வயது, உயரம், எடை எல்லாம் சொன்னேன். அவன் தட்டச்சு செய்துவிட்டுக் கம்பியை நீட்டினான். நான் அதைப் பிடிக்கவில்லை. தண்ணீரில் நனைத்த கைக்குட்டையைச் சுற்றி மேஜைமேல் வைத்தேன். திரையில் கோடுகள் ஓடின. கைக்குட்டைக்குக் கல்லீரலில் கொழுப்பும் கால்சியம் குறைபாடும் இருப்பதாக அறிக்கை வந்தது. அவன் சட்டென்று திரையை மூடிவிட்டான். வயதையும் எடையையும் வைத்து மென்பொருள் ஏதோ எழுதித் தள்ளுகிறது. கம்பிக்கும் உடம்புக்கும் சம்பந்தமே இல்லை. அந்தக் காகிதத்தைக் காட்டித்தான் வயதானவர்களைப் பயமுறுத்துகிறார்கள்.

பயம் வந்த பிறகு மெத்தை. இரத்தத்தில் இரும்பு இருக்கிறதாம், காந்தம் அதை இழுத்து ஓட்டத்தைச் சீராக்குமாம். நம் இரத்தத்தில் இருக்கும் இரும்பு ஆணி செய்கிற இரும்பு இல்லை. அது ஹீமோகுளோபினில் பிணைந்து கிடக்கிறது. காந்தத்தோடு அது ஒட்டாது. ஒட்டுமென்றால் 1.5 டெஸ்லா, 3 டெஸ்லா (டெஸ்லா என்பது காந்தப்புல வலிமையின் அலகு) காந்தத்துக்குள் படுக்க வைக்கும் எம்.ஆர்.ஐ. ஸ்கேனிலிருந்து ஒருவரும் உயிரோடு வெளியே வந்திருக்க முடியாது. நாசாவே பயன்படுத்துகிறது என்பது அடுத்த பேச்சு. 2003இல் நாசா ஓர் ஆய்வறிக்கை வெளியிட்டது உண்மைதான். ஆனால் அது ஆய்வுக்கூடத்தில் வளர்த்த நரம்புச் செல்களைப் பற்றியது. முழங்கால் வலி உள்ளவரை மெத்தையில் படுக்க வைத்துச் செய்த ஆய்வு அல்ல.

அமெரிக்க அரசின் உணவு, மருந்துக் கட்டுப்பாட்டு அமைப்பான எஃப்.டி.ஏ.யின் அங்கீகாரம் பற்றியும் பேசுகிறார்கள். இதில்தான் படித்தவர்களும் ஏமாறுகிறார்கள், ஏனென்றால் இதில் பாதி உண்மை. எலும்பை அழுத்தினால் அதில் சிறு மின்னழுத்தம் பிறக்கிறது என்பதை ஜப்பானில் ஃபுகாடாவும் யசுடாவும் 1957இல் காட்டினார்கள். நியூயார்க்கில் கொலம்பியா பல்கலைக்கழக எலும்பு மருத்துவர் ஆண்ட்ரூ பாசெட் அந்த வழியில் போய், வெளியிலிருந்து மின்காந்தத் துடிப்பு கொடுத்தால் எலும்பு கூடுவதற்கு உதவுகிறதா என்று பார்த்தார். 1974இல் அவருடைய குழுவின் கட்டுரை வந்தது. 1979இல் எஃப்.டி.ஏ. அங்கீகாரம் கிடைத்தது. எதற்கு? முறிந்து மாதக்கணக்காகியும் ஒட்டாமல் நின்றுவிட்ட எலும்புக்கு. எக்ஸ்ரே பார்த்து, முறிவுக்கு நேர் மேலே மின்கம்பிச் சுருளைப் பொருத்தி, தினமும் பல மணி நேரம், மாதக்கணக்கில் வைத்திருக்க வேண்டும். சர்க்கரைக்கோ இதய அடைப்புக்கோ அந்த அங்கீகாரம் இல்லை. ஒட்டாத எலும்புக்குக் கிடைத்த சான்றிதழைக் காட்டி ஊரில் உள்ள எல்லா நோய்க்கும் மெத்தை விற்கிறார்கள்.

மின்துடிப்பை வைத்துச் செய்யும் உண்மையான மருத்துவங்கள் எல்லாமே இப்படிக் குறுகிய எல்லைக்குள்தான் இருக்கின்றன. மருந்துக்குக் கட்டுப்படாத மனச்சோர்வுக்குத் தலையில் ஒரு குறிப்பிட்ட இடத்தில் காந்தத் துடிப்பு கொடுக்கிறார்கள். மூளையை இப்படித் தூண்ட முடியும் என்று இங்கிலாந்தின் ஷெஃபீல்டில் அந்தோணி பார்க்கர் 1985இல் காட்டினார். மனச்சோர்வுக்கு அமெரிக்காவில் அனுமதி கிடைத்தது 2008இல்தான். சில வகைச் சீரற்ற இதயத் துடிப்புக்கு, இதயத்துக்குள் குழாய் செலுத்தி மின்துடிப்பால் கோளாறான திசுவை மட்டும் செயலிழக்க வைக்கும் முறைக்கு 2023 டிசம்பரில் அங்கு முதல் அனுமதி வந்தது. அவ்வளவு ஏன், அம்மாவின் மார்பில் இருக்கும் பேஸ்மேக்கரே மின்துடிப்பு மருத்துவம்தான். 1958இல் ஸ்டாக்ஹோமில் முதல்முறையாக உடலுக்குள் பேஸ்மேக்கர் பொருத்தப்பட்ட ஆர்னே லார்சன், அடுத்தடுத்துக் கருவிகள் மாற்றிக்கொண்டு 2001 வரை வாழ்ந்தார். என் அம்மாவை உயிரோடு வைத்திருக்கும் தொழில்நுட்பத்தை நான் ஏன் குறை சொல்லப் போகிறேன்? அதன் பெயரைத் திருடி விற்பவர்களைத்தான் சொல்கிறேன்.

மூட்டுத் தேய்மானத்துக்கும் இதை ஆராய்ந்திருக்கிறார்கள். 636 பேர் பங்கேற்ற 9 ஆய்வுகளைச் சேர்த்துப் பார்த்த 2013ஆம் ஆண்டு காக்ரேன் (மருத்துவ ஆய்வுகளைத் தொகுத்து மதிப்பிடும் அமைப்பு) மதிப்பாய்வு, 100 புள்ளி வலி அளவுகோலில் 15 புள்ளி அளவு வலி குறையலாம் என்றது. நடமாட்டம் மேம்பட்டதற்குத் தெளிவான சான்று கிடைக்கவில்லை. ஓரளவு வலி குறையலாம் என்பதுதான் அதிகபட்சம். தேய்ந்த குருத்தெலும்பு வளர்ந்துவிடும், ஆபரேஷன் தேவையில்லை என்று அம்மாவிடம் சொன்னது அப்பட்டமான பொய்.

இனி ஆபத்தான பகுதிக்கு வருகிறேன். மெத்தையோடு உள்ளங்கை அகலத்தில் ஒரு சிறு பட்டை தருகிறார்கள். இதயத்துக்கு நல்லது என்று அதை நெஞ்சின் இடப்பக்கம் வைத்துக்கொள்ளச் சொல்லியிருக்கிறார்கள், அதாவது பேஸ்மேக்கருக்கு மேலேயே. பேஸ்மேக்கருக்கு அருகில் காந்தம் வந்தால், பெரும்பாலும் அந்தக் கருவி இதயத்தின் சொந்தத் துடிப்பைக் கவனிப்பதை நிறுத்திவிட்டு ஒரே வேகத்தில் மின்துடிப்பு அனுப்பத் தொடங்கிவிடும். மருத்துவர்கள் சோதனைக்காக வேண்டுமென்றே இப்படிச் செய்வதுண்டு, ஆனால் ஈ.சி.ஜி.யைப் பார்த்துக்கொண்டே. ஏறி இறங்கும் காந்தப்புலத்தில் வேறொரு சிக்கல் இருக்கிறது. அந்தத் துடிப்பை இதயத்தின் துடிப்பென்று எண்ணி பேஸ்மேக்கர் தன் வேலையை நிறுத்திவைக்கலாம். அதை நம்பியே வாழ்பவர் மயங்கி விழுவார். காந்தம் உள்ள பொருள்களை, செல்போனாக இருந்தாலும், பேஸ்மேக்கரிலிருந்து 15 செ.மீ. தள்ளி வைக்கச் சொல்வது இதனால்தான்.

அம்மாவுக்குப் பட்டை வைத்த நாள்களில் தலைசுற்றலும் படபடப்பும் இருந்திருக்கிறது. ‘கெட்டது வெளியேறுகிறது அத்தை, விடாமல் வையுங்கள்’ என்று பதில் வந்திருக்கிறது. பட்டையால்தான் வந்தது என்று என்னால் நிரூபிக்க முடியாது. இதய மருத்துவர் பேஸ்மேக்கரைச் சோதித்துவிட்டு, அமைப்பில் மாற்றம் எதுவும் இல்லை என்றார். பட்டையை இனித் தொடவே கூடாது என்றார். மெத்தையோடு வந்த கையேட்டை அதன் பிறகுதான் கையில் எடுத்தேன். முழுவதும் ஆங்கிலம். கடைசிப் பக்கத்தில் எறும்பு ஊர்வதுபோல் பொடி எழுத்தில், பேஸ்மேக்கர் உள்ளவர்களும் கர்ப்பிணிகளும் பயன்படுத்தக் கூடாது என்று அச்சிட்டிருந்தது. அம்மாவுக்குத் தமிழ் மட்டும்தான் வாசிக்கத் தெரியும். ஆபத்து தெரிந்தேதான் விற்கிறார்கள். அதைத் தமிழில் சொன்னால் வியாபாரம் படுத்துவிடும், அவ்வளவுதான்.

எனக்கு விஷயமே தெரியவந்தது அம்மாவின் குதிகாலில் வந்த கொப்புளத்தால். மெத்தையின் ஜிப்பைத் திறந்து பார்த்தோம். நுரைப்பஞ்சுக்கு நடுவே மெல்லிய செம்புக் கம்பிச் சுருள்கள் சில, பசை வைத்து ஒட்டிய கறுப்புக் காந்த வில்லைகள், அவற்றுக்குக் கீழே முழு நீளத்துக்கும் ஒரு சூடேற்றும் வலை. செல்போனில் காந்தப்புலம் காட்டும் செயலியை வைத்துப் பார்த்தேன். வில்லைக்கு மேலே அளவு எகிறியது. ஒரு சாண் தூக்கியதும் 40 மைக்ரோடெஸ்லாவுக்குப் பக்கத்தில் இறங்கி நின்றது. நம் ஊரில் பூமியின் காந்தப்புலமே ஏறக்குறைய அவ்வளவுதான். முழங்காலுக்குச் சுகமாக இருந்ததாக அம்மா சொன்னது பொய் இல்லை. அது சூட்டின் சுகம். வெந்நீர் ஒத்தடத்திலும் அது கிடைக்கும். ஆனால் சர்க்கரையால் பாதம் மரத்துப்போனவருக்குச் சுடுவது தெரியாது. இரவு முழுவதும் சூட்டில் கிடந்த குதிகால் கொப்புளித்துவிட்டது. நீண்ட நாள் சர்க்கரை உள்ளவர்களின் காலில் ஒரு சிறு புண் எங்கே கொண்டுபோய் விடும் என்பது அந்த வீடுகளில் இருப்பவர்களுக்குத் தெரியும்.

மாத்திரையைக் கொஞ்சம் கொஞ்சமாகக் குறைக்கலாம் என்றும் ஆலோசனை சொல்லியிருக்கிறார்கள். அம்மா குறைத்துவிட்டார். மூன்று மாதச் சர்க்கரைச் சராசரி 7.4லிருந்து 9.8க்கு ஏறிவிட்டது.

மெத்தை வாங்கியவரை ‘உறுப்பினர்’ ஆக்கி, இரண்டு பேரைச் சேர்த்துவிட்டால் கமிஷன் என்று ஆசை காட்டுகிறார்கள். அம்மா மூலமாகச் சித்தியும் எதிர்வீட்டு ஆச்சியும் வாங்கிவிட்டார்கள். இப்போது அவர்கள் முகத்தைப் பார்க்க முடியாமல் அம்மா தவிக்கிறார். ஏமாந்த வலியோடு உறவும் கெட்டுப்போகிறது. இதனால்தான் நிறையப் பேர் வாயைத் திறக்காமல் இருந்துவிடுகிறார்கள். திறக்க வேண்டும்.

பணத்தைக் கேட்கப் போனால், பில்லைப் பாருங்கள் என்கிறார்கள். பில்லில் ‘ஆரோக்கிய மெத்தை’ என்று மட்டும் இருக்கிறது. எந்த நோயின் பெயரும் இல்லை. நோய் தீரும் என்பதெல்லாம் வாய்வார்த்தை, அல்லது வாட்ஸ்அப் குரல் பதிவு. அந்தக் குரல் பதிவுகளை அழித்துவிடாதீர்கள். சர்க்கரை நோயைக் குணப்படுத்தும் என்று விளம்பரம் செய்வதை 1954ஆம் ஆண்டு மருந்துகள் மற்றும் மந்திரத் தீர்வுகள் சட்டம் தடை செய்கிறது. நோய்க்குச் சிகிச்சை என்று சொல்லி விற்கும் கருவி, 2017ஆம் ஆண்டு மருத்துவக் கருவிகள் விதிகளின்படி உரிமம் பெற்றிருக்க வேண்டும். உரிம எண்ணைக் கேளுங்கள். எங்கள் மெத்தையில் எந்த எண்ணும் இல்லை. ஆளுக்கு ஆள் சேர்த்துக் கமிஷன் தரும் பிரமிட் திட்டங்களுக்கு 2021ஆம் ஆண்டு நேரடி விற்பனை விதிகளில் இடமில்லை. நேரடி விற்பனையாளர் அடையாள அட்டை இல்லாமலோ முன்கூட்டிச் சொல்லாமலோ வீடு தேடி வரவும் கூடாது.

தேசிய நுகர்வோர் உதவி எண் 1915. மாவட்ட நுகர்வோர் ஆணையத்தில் நாம் குடியிருக்கும் ஊரிலேயே வழக்குப் போடலாம். இரண்டு வருடத்துக்குள் போட வேண்டும். 5 லட்சம் ரூபாய் வரை கட்டணம் இல்லை. நாங்கள் போட்டிருக்கிறோம். மாவட்ட மருந்துக் கட்டுப்பாட்டு அலுவலகத்திலும் எழுதிக் கொடுத்திருக்கிறோம். அம்மாவின் முழங்காலுக்கு இப்போது ‘மக்களைத் தேடி மருத்துவம்’ திட்டத்தில் இயன்முறை மருத்துவர் வீட்டுக்கே வந்து தொடைத் தசைக்கான பயிற்சி சொல்லித் தருகிறார். ஒரு பைசா செலவில்லை. பிடித்துக்கொள்ளாமல் வாசல்படி இறங்குகிறார்.

வழக்குப் போட்டது தெரிந்ததும் ஆள் அனுப்பினார்கள். மெத்தையைத் திருப்பிக் கொடுத்தால் 40,000 ரூபாய் தருவதாகவும், ஒரு கடிதத்தில் அம்மா கையெழுத்துப் போட வேண்டும் என்றும் சொன்னார்கள். வாங்கிப் படித்தேன். ‘முழுத் திருப்தியுடன் பயன்படுத்தினேன், உடல்நலக் குறைவு எதுவும் ஏற்படவில்லை, புகார் இல்லை’ என்று எழுதியிருந்தது. கையெழுத்துப் போடவில்லை. உங்கள் வீட்டுக்கும் அந்தக் கடிதம் வந்தால், யார் அத்தை, மாமா என்று அழைத்துக்கொண்டு வந்து நீட்டினாலும், கையெழுத்துப் போடாதீர்கள். ஒரு பிரதி எடுத்து வைத்துக்கொள்ளுங்கள். ஆணையத்தில் அதுவும் ஓர் ஆவணம்.