ஜாமுக்கு எந்தத் திராட்சை, எந்த பாட்டில்?

கடையில் விதையில்லாக் கருப்புத் திராட்சை குவிந்து கிடக்கும்போது விதை எடுக்கும் வேலையை ஏன் இழுத்துப் போட்டுக்கொள்ள வேண்டும் என்றுதான் முதல் தடவை நினைத்தேன். கழுவி, மிக்ஸியில் ஒரு சுற்று, சர்க்கரை, அடுப்பு. ஒரு மணி நேரத்துக்குள் ஜாம் தயார். ரொட்டியில் தடவித் தின்றால் இனிப்பு தெரிந்தது, திராட்சையைக் காணோம்.

அந்தப் பழத்தின் மேல் தப்பில்லை. மகாராஷ்டிரத்திலிருந்து வரும் விதையில்லா ரகங்கள் எடுத்து அப்படியே வாயில் போட்டுக்கொள்ள வளர்ப்பவை. இனிப்பு தூக்கல், புளிப்பு மட்டு. அதன் தலையில் இன்னும் சர்க்கரையைக் கொட்டினால் எது மிஞ்சும்?

பன்னீர் திராட்சை வேறு சாதி. தேனி மாவட்டத்துக் கம்பம் பள்ளத்தாக்கில் விளைவது. 2023-ல் புவிசார் குறியீடும் கிடைத்தது. மஸ்கட் ஹாம்பர்க் என்ற ரகம்தான் நம்மூரில் பன்னீர் ஆனது. வாசம் பேரிலேயே இருக்கிறது. புளிப்பும் உண்டு, தோல் கொடுக்கும் நிறமும் அடர்த்தி. ஒரே தொல்லை விதை. அதையும் மிக்ஸியில் போட்டு ஒரு தடவை கெடுத்திருக்கிறேன்: விதை உடைந்து, ஒரு கிலோவும் கஷாயம் மாதிரி கசந்தது. கையால் பிசைந்து, கால் டம்ளர் தண்ணீர் விட்டு, தோல் சாயம் இறங்கும்வரை பத்துப் பன்னிரண்டு நிமிஷம் வேகவிட்டு, கண் பெரிய வடிகட்டியில் கரண்டியால் தேய்த்து எடுப்பதுதான் வழி. கிலோவுக்கு 700 கிராம் கூழ் தேறும்.

பெங்களூர் புளூ கிடைத்தால் அதையும் விடாதீர்கள். அமெரிக்காவில் ஜாமுக்கும் ஜெல்லிக்கும் பேர்போன கான்கார்ட் திராட்சைக்கு உறவுக்காரன் அது. அழுத்தினால் தோல் தனியே, சதை தனியே வழுக்கி வரும். ஆனால் அந்தக் காட்டு வாசனை எல்லோருக்கும் பிடிக்காது. என் ஓட்டு பன்னீருக்கு.

சர்க்கரையில் பெரிய போட்டி இல்லை. 700 கிராம் கூழுக்கு 500 கிராம் போடுகிறேன். பாதியாகக் குறைத்தால் கெட்டிப்படாது, சீக்கிரம் பூசணமும் பிடிக்கும். வெல்லம் போட்டால் வெல்ல வாசம்தான் ஜெயிக்கும்.

கெட்டிப்படுத்துவதில்தான் ஆளுக்கொரு கட்சி. ஜாமை இறுக்குவது பெக்டின். திராட்சையில் அது அவ்வளவாக இல்லை. கடையில் விற்கும் பெக்டின் பொடி போட்டால் சீக்கிரம் இறக்கிவிடலாம், கொதி நேரம் குறைவதால் வாசமும் தங்கும். ஆனால் அளவு கொஞ்சம் கூடினாலும் கத்தியால் வெட்டுகிற பதத்துக்குப் போய்விடும். நான் ஒரு எலுமிச்சையின் சாற்றைக் கூழில் விட்டு, அதன் விதையையும் தோலின் வெள்ளைப் பகுதியையும் துணியில் முடிந்து கூடவே கொதிக்கப் போடுகிறேன். பாதிக் கொய்யா, அதுவும் காய்ப்பதத்தில் இருப்பது, இன்னும் வேகமாக வேலை செய்யும். முழுசாகப் போட்டால் கொய்யா ஜாம் என்றுதான் சொல்வார்கள்.

பாத்திரம் அகலமான ஸ்டீலாக இருக்கட்டும். அலுமினியத்தைப் புளிப்பு அரிக்கும். தெர்மாமீட்டர் இருந்தால் 104, 105 டிகிரி செல்சியஸில் இறக்கலாம். கொடைக்கானல்காரர்களுக்கு இந்தக் கணக்கு ஒத்துவராது. மலையில் தண்ணீரே 100 டிகிரிக்கு முன்னால் கொதித்துவிடும். எனக்கு ஃப்ரீஸரில் வைத்த தட்டு போதும். ஒரு சொட்டு விட்டு, ஒரு நிமிஷம் கழித்து விரலால் தள்ளினால் மேலே ஆடை மாதிரி சுருங்க வேண்டும்.

பாட்டிலில் அடைக்க மூன்று வழி. ஆறவைத்து ஃப்ரிட்ஜில் வைப்பது முதலாவது. ஒரு கிலோ பழத்துக்கு அதற்கு மேல் மெனக்கெட வேண்டியதில்லை. சூடாக ஊற்றி மூடித் தலைகீழாகக் கவிழ்ப்பது இரண்டாவது. பலரும் செய்கிறார்கள், எனக்கு நம்பிக்கை இல்லை. அப்படி வைத்த பாட்டில் ஒன்றில் மூடியை ஒட்டி வெள்ளைப் பூசணம் பூத்துவிட்டது. மேலே மட்டும் வழித்தெறிந்துவிட்டு மீதியைச் சாப்பிடலாம் என்பார்கள். நான் மொத்தமாகக் கொட்டினேன்.

மூன்றாவது, வெந்நீரில் வைத்து சீல் செய்வது. வெளியூர் போகும் பாட்டில்களுக்கு இது ஒன்றுதான். இட்லிக் குண்டானின் அடியில் பழைய துண்டை மடித்துப் போட்டு, கால் அங்குலம் இடம் விட்டுச் சூடாக நிரப்பிய பாட்டில்களை ஏற்கெனவே சூடாக இருக்கும் தண்ணீரில் நிறுத்த வேண்டும். மூடிக்கு மேல் ஓர் அங்குலம் தண்ணீர் நிற்கட்டும். பத்து நிமிஷம் தளதளவென்று கொதிக்க வேண்டும். ஜாமில் புளிப்பு இருப்பதால் பிரஷர் குக்கர் தேவையில்லை. பழைய பாட்டில் பரவாயில்லை, மூடி மட்டும் புதுசாக வாங்குங்கள். உள்ளே இருக்கும் ரப்பர் வளையம் ஒரு தடவைதான் ஒழுங்காகப் பிடிக்கும்.

மறுநாள் காலையில் மூடியின் நடுவில் கட்டைவிரலால் அழுத்திப் பாருங்கள். அசையாமல் குழிந்திருந்தால் பெட்டியில் வைக்கலாம். ‘டொக்’கென்று உள்ளே போய்த் திரும்பி வந்தால் அந்த பாட்டில் ஊருக்குப் போகாது, நம் ஃப்ரிட்ஜுக்குத்தான்.