பானன்பெர்க்கா, ஜென்சனா?

கடவுளும் வரலாறும் பற்றிப் படிக்க இறங்குபவர்கள் பெரும்பாலும் வுல்ஃப்ஹார்ட் பானன்பெர்க், ராபர்ட் ஜென்சன் என்ற இரு லூத்தரன் (புராட்டஸ்டன்ட் கிறிஸ்தவப் பிரிவு) இறையியலாளர்களிடையேதான் தடுமாறுகிறார்கள்.

அளவு: ஜெர்மானியர் பானன்பெர்க்கின் முறைசார் இறையியல் (கிறிஸ்தவக் கோட்பாடு முழுவதையும் ஒழுங்குபடுத்தி விளக்கும் நூல்) மூன்று தடித்த தொகுதிகள் (1988–1993). அமெரிக்கர் ஜென்சனுடையது இரண்டே (1997, 1999).

நடை: பானன்பெர்க் எதைத் தொட்டாலும் திருச்சபைத் தந்தையரில் (தொடக்ககாலக் கிறிஸ்தவ ஆசிரியர்கள்) தொடங்கி ஜெர்மானியத் தத்துவவாதி ஹெகல்வரை இழுத்துப் போவார். ஜென்சன் சுருக்கம், ஆனால் ஒரே வரியை மூன்று முறை படிக்க வைப்பார்.

வாதம்: இயேசுவின் உயிர்த்தெழுதலை வரலாற்று ஆய்வு தொடக்கூடாது என்ற பேச்சையே பானன்பெர்க் ஏற்பதில்லை. கல்லறை வெறுமையாக இருந்த செய்தி ஒருபக்கம், உயிர்த்த இயேசு சீடர்களுக்குக் காட்சியளித்த செய்திகள் மறுபக்கம் என்று தனித்தனியே எடைபோடுவார். வரலாற்றின் முடிவு அந்த உயிர்த்தெழுதலில் முன்கூட்டியே வந்துவிட்டது என்பார். ஜென்சனுக்கோ இஸ்ரவேலை எகிப்திலிருந்து மீட்டு, இயேசுவை எழுப்பியவர் யாரோ அவரே கடவுள்.

ஆதாரம் கேட்டு வாதாடுபவருக்கு பானன்பெர்க். பிரசங்கம் தயாரிப்பவருக்கு ஜென்சன். மூன்று தொகுதி மலைப்பாக இருந்தால், சரி, பானன்பெர்க்கின் 1964 கிறிஸ்தியல் (இயேசு யார் என்பது பற்றிய இறையியல்) நூலில் தொடங்கலாம்.