க்ரோபெரி ஜெல்லி: ஐஸ்லாந்தில் வாங்கிய ஒரு சீசா

ரெய்க்யாவிக் நகரின் சிறிய மளிகைக் கடை ஒன்றில் இந்த ஜெல்லியை வாங்கினேன். ஐஸ்லாந்து மக்கள் க்ரைகிபெர் என்று அழைக்கும் இப்பழம், மரங்கள் தலைதூக்க முடியாதபடி காற்று வீசும் தரிசுவெளிகளிலும் எரிமலைக் குழம்பு உறைந்த பாறைகளிலும் தரையோடு படர்ந்து, ஊசி போன்ற சிற்றிலைகளைப் பனிக்காலத்திலும் உதிர்க்காத குறுஞ்செடியில் காய்ப்பது. ஆகஸ்டு வாக்கில் பழுக்கும் இந்தக் கறுப்பு மணிகள் மிளகைவிடச் சற்றே பெரியவை.

செடியிலிருந்து பறித்தும் சில பழங்களைத் தின்று பார்த்தேன். தண்ணீர்ச் சாறு மிகுதி, புளிப்பு குறைவு, வாய் நிறைய விதைகள். விதைகளை வடிகட்டி ஜெல்லியாகக் காய்ச்சுவது ஏன் என்பது அப்போது விளங்கியது. 13ஆம் நூற்றாண்டின் தொடக்கத்திலேயே அங்கே இப்பழத்தில் வைன் வடித்ததாக பிஷப் ஒருவரின் வரலாறு கூறுகிறது. வேறு பழத்துக்கு அவர்கள் எங்கே போவார்கள்!

ஜெல்லியின் நிறம் நாவற்பழச் சாற்றை ஒத்த அடர் ஊதா. மேசைவிரிப்பில் சிந்திய ஒரு துளி இரண்டு சலவைக்குப் பின்னும் போகவில்லை. முதலில் இனிப்பும், கடைசியில் மெல்லிய துவர்ப்பும் நாவில் தங்குகின்றன. ஆனால், உட்பொருள் பட்டியலில் பழத்துக்கு முன்பாகவே சர்க்கரை நிற்பதை நாக்கும் கண்டுகொள்கிறது. ரொட்டியில் தடவினால் திகட்டுகிறது. புளிப்பான ஸ்கீர் தயிரில் ஒரு கரண்டி கலந்தாலோ, வாட்டிய ஆட்டிறைச்சியோடு தொட்டுக்கொண்டாலோ அதே இனிப்பு அளவாக அமைந்துவிடுகிறது. பதம் சற்று இளகல் என்பதால், குளிர்பெட்டியிலிருந்து எடுத்தவுடன் பரிமாறுவதே நல்லது.