ஹெட்செட் மைக் சரி பண்றேன்னு 2300 ரூபா உருவிட்டாங்க, உஷாரா இருங்க மக்களே

நேத்து சாயங்காலம் தான் முழு விஷயமும் தெரிஞ்சுது, ராத்திரி பூரா கடுப்புல தூக்கமே வரல, அதான் காலைலயே உக்காந்து டைப் பண்றேன், எழுத்துப்பிழை இருந்தா கண்டுக்காதீங்க. ரிப்பேரே ஆகாத ஒரு பொருள ரிப்பேர் பண்ணிட்டேன்னு சொல்லி என்கிட்ட 2300 ரூபா வாங்கிட்டான். கடை பேரு போடல. திருச்சில ஒரு கம்ப்யூட்டர் சர்வீஸ் கடை, போர்டுல லேப்டாப், பிரிண்டர், சிசிடிவி, கேமிங் ஐட்டம்ஸ்னு எல்லாமே எழுதியிருக்கும், அவ்ளோ தான் சொல்லுவேன். இதே மாதிரி கடை உங்க தெருவுலயும் ஒண்ணு இருக்கும், அதனால பேர விட அவன் பண்ண வேலைய தெரிஞ்சுக்கோங்க.

நான் சாயங்காலம் ஹைஸ்கூல் பசங்களுக்கு ஆன்லைன்ல மேத்ஸ் எடுக்குறேன், ராத்திரி அதே ஹெட்செட்ட தம்பி எடுத்து மாட்டிக்கிட்டு வாலரன்ட் கேம் ஆடுவான். ஒயர் வச்ச கேமிங் ஹெட்செட், முனையில ஒரே ஒரு 3.5 எம்எம் பின், வாய்கிட்ட மைக் நீட்டிக்கிட்டு இருக்கும். பழைய லேப்டாப்ல எல்லாம் நல்லாத்தான் ஓடிச்சு. லேப்டாப் போயிடுச்சு, அத எக்ஸ்சேஞ்ல தள்ளிட்டு ஒரு டெஸ்க்டாப் அசெம்பிள் பண்ணோம். அன்னைக்குல இருந்து ஹெட்செட்ல சவுண்ட் சூப்பரா கேக்குது, மைக் மட்டும் செத்த பாம்பு. பசங்க "மிஸ் உங்க வாய்ஸ் வரல, மிஸ் மியூட்ல இருக்கீங்க"ன்னு சாட்ல போட்டுக்கிட்டே இருக்காங்க, நான் இங்க கத்திக்கிட்டு இருக்கேன்.

தெரிஞ்சதெல்லாம் பண்ணிப் பாத்தோம், சும்மா ஒண்ணும் கடைக்கு ஓடல. ஒயர்ல இருக்கிற மியூட் பட்டன் பாத்தாச்சு, மைக்க கழட்டி திரும்ப அழுத்தி மாட்டியாச்சு, விண்டோஸ் செட்டிங்ஸ்ல பிரைவசிக்குள்ள போயி மைக்ரோஃபோன் பர்மிஷன் எல்லாம் ஆன் பண்ணியாச்சு, டிஸ்கார்ட்ல (கேம் ஆடும்போது பேசுற ஆப்) இன்புட் டிவைஸ் மாத்தி மாத்தி வச்சுப் பாத்தாச்சு, சவுண்டுக்கான ரியல்டெக் டிரைவர் சாஃப்ட்வேர அன்இன்ஸ்டால் பண்ணி புதுசா போட்டாச்சு. போன்ல சொருகிப் பாக்கலாம்னா வீட்ல இருக்கிற எந்த போன்லயும் அந்த ஓட்டையே கிடையாது, இப்ப வர்ற போன்ல எவன் குடுக்குறான்? சவுண்ட் செட்டிங்ஸ்ல ரெக்கார்டிங்குங்குற பக்கத்துல மைக்ரோஃபோன்னு ஒரு ஐகான் சாம்பல் கலர்ல மங்கலா, கீழ "நாட் பிளக்ட் இன்"னு நின்னுச்சு. இத ஞாபகம் வச்சுக்கோங்க, பின்னாடி வரும்.

சரின்னு ஹெட்செட்ட தூக்கிட்டு அந்தக் கடைக்குப் போனேன். ஆளு ரொம்ப மரியாதையா, "உக்காருங்க மேடம்"னு சேர் இழுத்துப் போட்டு, ஃபேன என் பக்கம் திருப்பி விட்டு, என்ன ஏதுன்னு பொறுமையா கேட்டான். ஹெட்செட்ட வாங்கி அவன் கடை டெஸ்க்டாப்ல, முன்னாடி பச்சை ஓட்டைல சொருகினான். சொருகிட்டு மானிட்டர என் பக்கம் திருப்பி, அதே ரெக்கார்டிங் பக்கத்த காட்டி, மைக்க விரலால தட்டறான், ஊதறான், "பாருங்க மேடம், பார் அசையவே இல்ல"ங்குறான், மைக்ல சத்தம் வந்தா ஏறி இறங்குற பட்டைய சொல்றான். அசையல. என் கண்ணாலயே பாத்தேன். "மைக் கேப்சூல், அதான் உள்ள சத்தத்த வாங்குற குட்டி பார்ட், அது போயிடுச்சு, உள்ள இருக்கிற போர்டுலயும் லைன் கட்டு, ஒரிஜினல் கேப்சூல் சென்னைல இருந்து வரணும், எல்லாம் சேர்த்து 2300 ஆகும், புதுசு வாங்குனா நாலாயிரத்துக்கு மேல போகும்"னான். நான் யோசிக்கிறத பாத்துட்டு என்ன வேலை பாக்குறீங்கன்னு கேட்டான், டியூஷன்னு சொன்னேன், "அப்படியா, என் பொண்ணு ஒன்பதாவது படிக்குது மேடம், மேத்ஸ்ல ரொம்ப வீக்கு, உங்ககிட்டயே சேத்து விட்றேன்"னான். அங்க தான் நான் முழுசா நம்பினேன். பொண்ண நம்மகிட்ட படிக்க அனுப்பப் போறவன் நம்மள ஏமாத்துவானா? இப்ப யோசிச்சா அவனுக்குப் பொண்ணு இருக்காளாங்குறதே டவுட்டு.

ஜிபேல 1000 அட்வான்ஸ் போட்டேன். க்யூஆர்ல கடை பேரு வரல, யாரோ ஒரு ஆள் பேரு வந்துச்சு, கேட்டதுக்கு "ஓனர் நம்பர் மேடம்"னுட்டான். பில் கேட்டேன். பில் போட்டா ஜிஎஸ்டி 18 பர்சென்ட் சேரும், 2714 ஆயிடும், உங்களுக்கு எதுக்கு வீண் செலவுன்னு எனக்கு நல்லது பண்ற மாதிரியே சொல்லி ஒரு துண்டுச் சீட்டுல "ஹெட்செட் மைக்"னு கிறுக்கிக் குடுத்தான். நம்பர் இல்ல, சீல் இல்ல, தேதி கூட இல்ல.

இன்னைக்கு வாங்க நாளைக்கு வாங்கன்னு இழுத்து ஒரு வழியா ரெடின்னு போன் வந்துச்சு. போனேன். மேஜை மேல தயாரா வச்சிருந்தான். டெஸ்ட் பண்ணிக் காட்டுங்கன்னு நானே தான் கேட்டேன், "தாராளமா மேடம்"னு சொல்லி அவன் பாக்கெட்ல இருந்து ஒரு பழைய போன எடுத்து, அதுல சொருகி, வாய்ஸ் ரெக்கார்டர ஆன் பண்ணி என்னைய பேசச் சொன்னான். பேசினேன். போட்டுக் காட்டினான். கணீர்னு என் குரல். மீதி 1300 ரூபாய கையில எண்ணிக் குடுத்துட்டு தேங்க்ஸ் வேற சொல்லிட்டு வந்தேன்.

வீட்டுக்கு வந்து டெஸ்க்டாப்ல சொருகினா பழைய குருடி கதவத் திறடின்னு மைக் வரல.

போன் பண்ணேன். "இங்க ஓடுச்சே மேடம், நீங்களே பேசிப் பாத்தீங்கல்ல"ன்னான். சரின்னு திரும்ப தூக்கிட்டுப் போனா திரும்ப அதே போன்ல சொருகி அதே ரெக்கார்டர், ஓடுது. "உங்க பிசில தான் ப்ராப்ளம், மதர்போர்டுல சவுண்ட் ஐசி சிப் அடிபட்டிருக்கும், சிபியூவ தூக்கிட்டு வாங்க, 1500 ஆகும், விண்டோஸ் போட தனியா 600." புது மதர்போர்டு சார் அதுன்னு சொன்னா "புதுசு தான் மேடம் சீக்கிரம் போகுது"ங்குறான். இதுக்கு மேல ஒருத்தன் என்ன பேசுவான்? அப்புறம் போன் பண்ணா கடைப் பையன் எடுக்குறான், சார் சைட்டுக்குப் போயிருக்காரு, சார் சாப்பிடப் போயிருக்காரு, சார் வந்ததும் கூப்பிடச் சொல்றேன். வாட்ஸ்அப்ல மெசேஜ் போட்டா ப்ளூ டிக் விழும், பதில் வராது. கடைசில டிக்கே ஒண்ணோட நின்னுடுச்சு, ப்ளாக் பண்ணிட்டான்னு நினைக்கிறேன். 2300 ரூபாய வாங்குற வரைக்கும் மேடம் மேடம்னு இருந்தவன்.

நேத்து மாமா பையன் கரூர்ல இருந்து வந்திருந்தான், மொபைல் சர்வீஸ் பண்றவன். பேச்சு வாக்குல சொன்னேன். ஹெட்செட்ட கையில வாங்கி பின்ன மட்டும் ஒரு நிமிஷம் பாத்தான், சிரிச்சான். "அண்ணி, இது எப்பவுமே ரிப்பேர் ஆகல"ன்னான்.

அவன் சொன்னத எனக்குப் புரிஞ்ச மாதிரி சொல்றேன். அந்தப் பின்ன உத்துப் பாத்தா மூணு கருப்பு வளையம் இருக்கும், அதாவது நாலு துண்டா பிரிச்சிருக்கும், இடது காது, வலது காது, கிரவுண்ட், மைக், எல்லாம் ஒரே பின்ல. லேப்டாப்லயும் போன்லயும் இருக்கிற ஓட்டை இந்த நாலையும் எடுத்துக்கும். பெரும்பாலான டெஸ்க்டாப்ல அப்படி இல்ல, பச்சை ஓட்டை காதுக்கு, ரோஸ் ஓட்டை மைக்குக்கு, ரெண்டும் தனித்தனி, ஒவ்வொண்ணுலயும் மூணு தொடுப்பு தான். நாலு துண்டு பின்ன பச்சைல சொருகினா சவுண்ட் கேக்கும், மைக் லைன் எங்கயும் போய்ச் சேராது. ரோஸ்ல சொருகினாலும் பிரயோஜனம் இல்ல. நடுவுல ஒரு சின்ன ஒய் ஒயர் வேணும், ஒரு பக்கம் ஹெட்செட் சொருகுற மாதிரி, இன்னொரு பக்கம் ரெண்டு பின், ஒண்ணு பச்சைக்கு ஒண்ணு ரோஸுக்கு. 150 ரூபா சாமான். அவன் பைக்ல போயி வாங்கிட்டு வந்து மாட்டினான், மைக் பேசுது. தம்பி டிஸ்கார்ட்ல போயி ஹலோ ஹலோன்னு கத்துறான்.

இப்ப அந்தக் கடைக்காரன் பண்ணத திருப்பிப் பாருங்க. ஹெட்செட்ட குடுக்கும்போது டெஸ்க்டாப் பச்சை ஓட்டைல சொருகி மைக் செத்துப்போச்சுன்னு காட்டினான். திரும்ப வாங்கும்போது போன்ல சொருகி சரியாயிடுச்சுன்னு காட்டினான். நடுவுல ஒரு மண்ணும் பண்ணல. தெரியாம பண்ணியிருப்பான்னு யாரும் கமென்ட்ல வக்காலத்து வாங்காதீங்க, தெரியாதவன் ரெண்டு தடவையும் ஒரே எடத்துல தான் சொருகியிருப்பான். இவனுக்கு எந்த ஓட்டைல என்ன வரும்னு நல்லாத் தெரியும். கடை சுவத்துலயே அந்த ஒய் ஒயர் வரிசையா தொங்குதே!

அந்த "நாட் பிளக்ட் இன்" சமாச்சாரம். நான் கடைல கேட்டப்ப "மைக் செத்துட்டா அப்படித்தான் மேடம் காட்டும்"னான். பச்சைப் பொய். மைக்குக்கு உயிர் இருக்கா இல்லையான்னு கம்ப்யூட்டருக்குத் தெரியாதாம், ஓட்டைல பின் போயிருக்கா இல்லையான்னு தான் அது பாக்குமாம். செத்த மைக்க ரோஸ் ஓட்டைல சொருகினாலும் ஐகான் பளிச்னு தான் வரும், பார் மட்டும் அசையாது. "நாட் பிளக்ட் இன்"னா மைக் ஓட்டைல ஒண்ணுமே சொருகலன்னு அர்த்தம். அவன் ஸ்கிரீன்லயே அது அப்படித்தான் இருந்துச்சு.

இதோட முடியல. மாமா பையன் மைக் முனைல இருக்கிற ஸ்பான்ஜ எடுத்துட்டு உள்ள திறந்து பாத்தான். கம்பெனில வச்ச பசை அப்படியே இருக்கு, சால்டர யாரும் தொடவே இல்ல, சென்னைல இருந்து வந்த ஒரிஜினல் கேப்சூல் கேப்சூல்னு சொன்னது எதுவும் உள்ள இல்ல. ஆனா காது கப்ல இருந்த வாரன்டி ஸ்டிக்கர மட்டும் கிழிச்சு வச்சிருக்கான், திறந்த மாதிரி ஒரு அடையாளம் வேணுமே. ஹெட்செட் வாங்கி ஒரு வருஷம் கூட ஆகல, கம்பெனிக்கு மெயில் போட்டா சீல் உடைஞ்சிருக்கு, வாரன்டி கிடையாதுன்னு ரெண்டு வரில பதில். 2300 போனது போக இது தனி தண்டம்.

நேத்து ராத்திரியே கடைக்குப் போனோம், மாமா பையனும் வந்தான். ஒய் ஒயர எடுத்து மேஜைல வச்சோம். ஆளு மூஞ்சி ஒரு செகண்ட் மாறுச்சு, அப்புறம் "பில் இருக்கா"ன்னு கேட்டான். எப்படி இருக்கு பாருங்க! பில் குடுக்காதவனே பில் இருக்கான்னு கேக்குறான். மாமா பையன் சத்தம் போட்டான், பக்கத்துக் கடைக்காரங்க எட்டிப் பாத்தாங்க, அப்ப "500 வேணா தர்றேன், எடுத்துட்டுப் போங்க"ன்னான். நான் வாங்கல. 2300 குடு இல்லன்னா வேணாம்னுட்டு வந்துட்டேன். வாங்கியிருக்கலாம்னு அம்மா திட்டுறாங்க, திட்டட்டும்.

இப்ப 1915க்குப் போன் பண்ணி கம்ப்ளைன்ட் குடுத்திருக்கேன், அது தேசிய நுகர்வோர் ஹெல்ப்லைன், தமிழ்லயே பேசலாம். பில் குடுக்காம இருக்கிறதே 2019 நுகர்வோர் பாதுகாப்புச் சட்டத்துல நியாயமில்லாத வியாபாரம்னு தான் வருது, அதனால பில் இல்லன்னு பயப்பட வேண்டாம். ஜிபே ஹிஸ்டரி, அந்தத் துண்டுச் சீட்டு, வாட்ஸ்அப் மெசேஜ் எல்லாத்தையும் ஸ்கிரீன்ஷாட் எடுத்து வச்சாச்சு. இதுல வேலைக்காகலன்னா மாவட்ட நுகர்வோர் ஆணையம் தான், அஞ்சு லட்சம் வரைக்கும் ஃபீஸே கிடையாது, 2300க்கு கேஸ் போடுவியான்னு கேக்குறவங்களுக்கு, ஆமா போடுவேன்.

எல்லாத்தையும் விளக்கமா எழுதலாம்னு தான் ஆரம்பிச்சேன், டைம் ஆயிடுச்சு, அவசரமா சிலது மட்டும். சவுண்ட் வருது மைக் வரலன்னா முதல்ல பின்ல எத்தன கருப்பு வளையம்னு எண்ணுங்க, மூணு இருந்து உங்க சிபியூல பச்சை ரோஸ் தனித்தனியா இருந்தா ஒய் ஒயர் இல்லாம ஓடாது. வாங்கின டப்பாவுக்குள்ளயே அந்த ஒயர் கிடக்கலாம், நல்லா துழாவிப் பாருங்க. கடைல கேக்கும்போது ஹெட்போன் ஒண்ணு மைக் ஒண்ணுன்னு படம் போட்டதா கேளுங்க, ரெண்டு பேரு சேந்து பாட்டுக் கேக்குற ஒயரும் பாக்க அதே மாதிரி தான் இருக்கும், அத வாங்கிட்டு வந்து மைக் வரலன்னு என்னைத் திட்டாதீங்க. சர்வீஸுக்குக் குடுத்தா எந்த மெஷின்ல ஓடலன்னு காட்டினானோ அதே மெஷின்ல அதே ஓட்டைல சொருகித்தான் ஓடுதுன்னு காட்டச் சொல்லணும். மாத்தின பழைய பார்ட்ட கையில கேட்டு வாங்குங்க. வாரன்டி இருந்தா வெளிக்கடைல திறக்கவே விடாதீங்க. பில் பில் பில்.

கடை பேரு கேட்டு இன்பாக்ஸ்ல வராதீங்க, கம்ப்ளைன்ட் நடக்குது, இப்போதைக்கு சொல்ல மாட்டேன். 2300 திரும்பி வந்தா இதே போஸ்ட்டுக்குக் கீழ போடுறேன்.