பழைய கார்ட்டூன் கேம்கள்: ஆர்க்கைவா, ஃபிளாஷ்பாயிண்டா?

பென் 10, ஸ்கூபி டூ, ஸ்பான்ச்பாப் என்று பிரவுசரிலேயே ஓசியில் ஆடித் தீர்த்த கேம்கள் இப்போது போன இடம் தெரியவில்லை. 2020 டிசம்பர் 31-உடன் அந்த கேம்களை பிரவுசரில் ஓடவைத்த ஃபிளாஷ் மென்பொருளை அடோபி நிறுவனம் கைகழுவியது. கார்ட்டூன் நெட்வொர்க்கின் அமெரிக்கத் தளமும் 2024 ஆகஸ்டில் போய்விட்டது. அந்த கேம்களை மறுபடி ஆட ஆசைப்படுகிறவர்களுக்கு முக்கியமாக இரண்டு வழிகள் இருக்கின்றன.

சுலபமானது இன்டர்நெட் ஆர்க்கைவ், பழைய இணையப் பக்கங்களையும் ஃபைல்களையும் சேமித்து வைக்கும் தளம். ஃபிளாஷ் இல்லாமலே ஃபிளாஷ் கேம்களை ஓட்டும் ரஃபிள் என்ற எமுலேட்டர் அங்கே 2020 நவம்பரிலிருந்து இருக்கிறது. எதையும் இன்ஸ்டால் செய்ய வேண்டாம். பெயரைத் தேடி, கிளிக் செய்து, ஆட வேண்டியதுதான். போனிலும் திறக்கும். ஆனால் தாவுவதற்கும் ஓடுவதற்கும் அம்புக்குறி பட்டனுக்கு எங்கே போவது?

அதைவிடப் பெரிய தலைவலி வேறு. நிறைய கேம்கள் ஒரே ஃபைலில் அடங்கியவை அல்ல. முகப்பு ஒரு ஃபைலில் இருக்கும். லெவல்கள், பாட்டு, சத்தம் எல்லாம் ஆடும்போதே சர்வரிலிருந்து வரும். முதல் ஃபைலை மட்டும் யாராவது சேமித்து வைத்திருந்தால் லோடிங் பட்டை பாதியில் நின்றுவிடும், எவ்வளவு நேரம் காத்திருந்தாலும் நகராது. இன்னும் சில கேம்கள் தாங்கள் எந்தத் தளத்தில் ஓடுகிறோம் என்று பார்த்து, சொந்த முகவரி இல்லையென்றால் திறக்கவே மறுக்கும்.

இரண்டாவது வழியான ஃபிளாஷ்பாயிண்ட் ஜெயிப்பது இங்கேதான். இது பழைய பிரவுசர் கேம்களைச் சேமித்து, கணினியில் ஓட்டும் மென்பொருள். 2018-இல் தொடங்கி, ஆர்வலர்கள் ஒரு லட்சத்துக்கும் மேற்பட்ட கேம்களைச் சேர்த்திருக்கிறார்கள். இது நம் கணினியிலேயே ஒரு குட்டி சர்வரை ஓட்டுகிறது. கேம் தன் பழைய முகவரிக்குப் போய் அடுத்த லெவலைக் கேட்டால், இந்த சர்வர் குறுக்கே நின்று, சேமித்த ஃபைலை எடுத்துக் கொடுக்கிறது. பாவம், கேமுக்கு வித்தியாசமே தெரியாது! ஃபிளாஷைப் போன்ற இன்னொரு பழைய மென்பொருளான ஷாக்வேவில் செய்த, ரஃபிள் தொடாத கேம்களும் இதில் ஓடும்.

இன்ஃபினிட்டி பதிப்பை எடுத்துக்கொள்ளுங்கள், வேண்டிய கேமை மட்டும் அவ்வப்போது இறக்கிக்கொள்ளும். எல்லாவற்றையும் அடைத்துவைத்த அல்டிமேட் ஒரு டெராபைட்டைத் தாண்டும். வீட்டுக்கு அது எதற்கு? விண்டோஸ் கணினி இருந்தால்தான் தொல்லையில்லாமல் ஓடும், அது ஒன்றுதான் குறை.

சும்மா ஐந்து நிமிடம் பழசைப் பார்க்க ஆர்க்கைவ் போதும். ஆனால் நமக்கு ஏதோ ஒரு கேம் வேண்டியதில்லை, அன்று முடிக்காமல் விட்ட அதே கேமின் அதே லெவல்தான் வேண்டும். அதனால் என் ஓட்டு ஃபிளாஷ்பாயிண்டுக்கு.

பலர் சேர்ந்து ஆடிய டூன்டவுனைத் தேடுகிறவர்களுக்கு இரண்டுமே உதவாது. டிஸ்னி அதை 2013 செப்டம்பரில் மூடிவிட்டது. ரசிகர்களே நடத்தும் டூன்டவுன் ரீரிட்டனைத் தனியாக இறக்கிக்கொள்ளலாம், அதுவும் இலவசம்தான்.